நிலவறையும் ஆறு ஆல்பங்களும்

அட்லாண்டாவின் தென்பகுதியில், லேக்வுட் வட்டாரத்தில், ஒரு சிறிய வீடு. அதற்கு அடியில் பூச்சு வேலை முடியாத ஒரு நிலவறை. தரை ஜார்ஜியாவின் செம்மண்ணேதான். 1990களின் தொடக்கத்தில் ரிக்கோ வேட் என்ற இளைஞர் தம் தாயாரோடு அங்கே குடியிருந்தார். அந்த வட்டாரத்தில் அறுபது ஆண்டுகளாகக் கார் செய்துகொண்டிருந்த ஜெனரல் மோட்டார்ஸ் தொழிற்சாலையை 1990இல்தான் மூடியிருந்தார்கள். நிலவறையில் டிரம் மெஷினும் கீபோர்டும் இருந்தன. ரே மர்ரே, ஸ்லீப்பி பிரவுன் என்ற இரு நண்பர்களோடு சேர்ந்து வேட் அங்கே மெட்டுக் கட்டினார். மூவரும் தங்களுக்கு ‘ஆர்கனைஸ்டு நாய்ஸ்’ என்று பெயர் வைத்துக்கொண்டார்கள். வந்து சேர்ந்த பையன்கள் படிக்கட்டில் உட்கார்ந்து நோட்டில் வரி எழுதினார்கள். இரவானால் கிடைத்த இடத்தில் படுத்துக்கொண்டார்கள். அந்த இடத்தை அவர்கள் ‘டன்ஜன்’ என்று அழைத்தார்கள்.

2019இல் அதே வீட்டை அந்தப் பையன்களில் ஒருவரான பிக் பாய் விலைக்கு வாங்கினார். 2021இல் ஏர்பிஎன்பி வழியாக மூன்று இரவுகளுக்கு மட்டும், இரவுக்கு 25 டாலர் வாடகையில், ரசிகர்களுக்குத் திறந்துவிட்டார். போக்கிடம் இல்லாதவர்கள் தூங்கி எழுந்த நிலவறை, முந்திப் பதிவு செய்பவருக்குக் கிடைக்கும் தங்குமிடமாயிற்று.

அவுட்காஸ்ட் என்ற இருவர் குழு அந்தச் செம்மண் தரையிலிருந்து வந்தது. ஆந்த்ரே பெஞ்சமினும் ஆன்ட்வான் பேட்டனும் ஈஸ்ட் பாயின்டில் இருந்த ட்ரை-சிட்டீஸ் உயர்நிலைப் பள்ளியில் படித்தவர்கள். இருவரும் 1975இல் பிறந்தவர்கள். முன்னவர் பிற்பாடு ஆந்த்ரே 3000 ஆனார், பின்னவர் பிக் பாய். லாஃபேஸ் நிறுவனம் 1993இல் அவர்களுக்குக் கொடுத்த முதல் வேலை வேடிக்கையானது: நிறுவனத்தின் கிறிஸ்துமஸ் தொகுப்புக்கு ஒரு பாட்டு. தங்கள் தெருவில் கிறிஸ்துமஸும் மற்ற நாள்களைப் போலத்தான் விடிகிறது என்ற பொருளில் அவர்கள் எழுதிக் கொடுத்த ‘பிளேயர்ஸ் பால்’ ராப் பட்டியலில் முதலிடத்துக்குப் போனது. 1994 ஏப்ரலில், இருவரும் பத்தொன்பதைத் தொட்டும் தொடாமலும் இருந்தபோது, முதல் ஆல்பம் வந்தது. ‘சதர்ன்பிளேயலிஸ்டிக்கேடிலாக்மியூசிக்’ என்ற பெயரை ஒரே மூச்சில் சொல்வதற்கே பயிற்சி வேண்டும்.

அந்தக் காலத்தில் ராப் என்றால் நியூயார்க், அல்லது லாஸ் ஏஞ்சலஸ். தெற்கிலும் நல்ல ராப் இருந்தது. ஹூஸ்டனில் கெட்டோ பாய்ஸ் இருந்தார்கள், மயாமியில் டூ லைவ் க்ரூ இருந்தது. ஆனாலும் தெற்கத்தி இழுவையோடு பேசுபவனை வடக்கே கேலியாகத்தான் பார்த்தார்கள். 1995 ஆகஸ்டில் நியூயார்க்கின் மேடிசன் ஸ்கொயர் கார்டன் வளாகத்தில் ‘தி சோர்ஸ்’ பத்திரிகையின் விருது விழா நடந்தது. சிறந்த புதிய ராப் குழு என்று அவுட்காஸ்டின் பெயரை வாசித்ததும் அரங்கத்தில் ஊளைச் சத்தம். ஒலிவாங்கிக்கு முன் வந்த ஆந்த்ரே, தெற்குக்கும் சொல்ல ஏதோ இருக்கிறது என்று ஒரே வாக்கியத்தில் சொல்லிவிட்டு இறங்கினார். இருவரும் அந்த இரவை மறக்கவில்லை. மூன்று ஆண்டுகள் கழித்து வந்த மூன்றாவது ஆல்பத்தின் கடைசிப் பாட்டு தேய்ந்து முடியும் இடத்தில் அந்த மேடைப் பேச்சின் ஒலிப்பதிவையே ஒட்டிவைத்தார்கள். வாங்கிய ஏளனத்தையும் சரக்கோடு சேர்த்து விற்றது அந்தக் குழு.

இன்றைக்கு அமெரிக்க ராப்பின் பொதுப் பேச்சே தெற்கத்திப் பேச்சாகிவிட்டது. அட்லாண்டாவின் ட்ராப் தாளத்தை நியூயார்க்காரர்களும் லண்டன்காரர்களும் எடுத்தாள்கிறார்கள். யாருக்கும் அது வட்டார இசையாகத் தோன்றுவதில்லை. ரிக்கோ வேடின் உறவுக்காரப் பையன் ஒருவன் அந்த நிலவறைக் கூட்டத்தின் பின்வரிசையில் வளர்ந்தான். ஃபியூச்சர் என்ற பெயரில் அவர் 2017இல் அடுத்தடுத்த இரண்டு வாரங்களில் இரண்டு ஆல்பங்களை வெளியிட்டார். இரண்டும் அமெரிக்கப் பட்டியலில் முதலிடத்துக்கு வந்தன. அதற்கு முன் யாரும் அப்படிச் செய்ததில்லை. அவுட்காஸ்ட் தன் முதல் நான்கு ஆல்பங்களை 1994, 1996, 1998, 2000 என்று விதைப்பும் அறுப்பும் போல இரண்டாண்டுக்கு ஒன்றாகக் கொடுத்தது. ஆல்பப் பட்டியலில் முதலிடம் அதற்குக் கிடைத்தது ஐந்தாவது ஆல்பத்துக்குத்தான்.

இந்த வேக வித்தியாசத்துக்குக் காரணம் பொறுமை மட்டும் அன்று. வேலை செய்யும் முறையே வேறு. 1991இல் நியூயார்க் நீதிமன்றம் ஒன்று, அடுத்தவர் பதிவிலிருந்து அனுமதி இல்லாமல் இசைத்துண்டை வெட்டி எடுப்பது திருட்டு என்று கறாராகத் தீர்ப்புச் சொன்னது. வெட்டி ஒட்டும் ராப்புக்குச் செலவு ஏறியது. ஆர்கனைஸ்டு நாய்ஸ் மூவருக்கு அது பெரிய இடியாக இல்லை. டிரம் மெஷினில் தாளத்தைப் போட்டு, அதன் மேல் மனிதர்களை வாசிக்க வைப்பதே அவர்கள் வழக்கம்: பேஸ் கிட்டார், ஆர்கன், பிற்பாடு ஊதுகருவிகள். ஸ்லீப்பி பிரவுனின் தகப்பனார் பிரிக் என்ற அட்லாண்டா ஃபங்க் குழுவில் வாசித்தவர். வீட்டிலேயே இருந்த வித்தை அது. அதனால்தான் அந்த முதல் ஆல்பத்தில் பேஸ் கிட்டார் இப்படி நடக்கிறது: தாளத்துக்கு ஒரு நூலளவு பின்னால், வெயிலில் அவசரமில்லாமல் போகிறவனைப் போல. இன்று ஒரு மடிக்கணினியும் தலையணி ஒலிபெருக்கியும் போதும். தாளத்தை ஒருவர் வேறொரு ஊரிலிருந்து அனுப்புகிறார். பாடுபவர் நோட்டைத் தொடாமல் ஒலிவாங்கியின் முன்னாலேயே வரிவரியாகக் கட்டிக்கொண்டே போகிறார். நிலவறையும் வேண்டாம், நிறுவனத்தின் தயவும் வேண்டாம் என்பது சிறிய லாபம் அன்று. போனது, அந்தப் பேஸ் கிட்டாரின் தாமதம்.

அவுட்காஸ்டின் பதிவுகளை வரிசையாகக் கேட்பவருக்கு வேறொரு மாற்றம் காதில் விழும். முதல் ஆல்பத்தில் இரண்டு குரல்களும் தோளோடு தோள் நிற்கின்றன. பழக்கமில்லாதவருக்கு யார் யார் என்று பிரித்தறியவே சில நாள் பிடிக்கும். 1996இன் ‘ஏடிஎலியன்ஸ்’ இரவுக் காற்றுப் போன்ற எதிரொலி நிறைந்தது. முதல் ஆல்பத்தின் இசை முழுவதும் ஆர்கனைஸ்டு நாய்ஸின் கைவேலை. இரண்டாவதில் இருவரும் தாங்களே இசையமைக்கத் தொடங்கினார்கள். ஒலிம்பிக் போட்டி முடிந்து அட்லாண்டா காலியாகி மூன்று வாரத்துக்குச் சற்று அதிகமாகத்தான் ஆகியிருந்தது, இந்த ஆல்பம் கடைக்கு வந்தபோது. சிடியின் உள்ளே முழு நீளப் படக்கதை ஒன்றை அச்சிட்டு மடித்து வைத்திருந்தார்கள். இருவரும் அதில் கதாநாயகர்கள். பாட்டுக் கேட்டுக்கொண்டே அதைப் புரட்ட வேண்டும் என்பது ஏற்பாடு. கைப்பேசிச் செயலியில் இன்று அந்த ஆல்பத்தைத் திறந்தால் நகத்தளவு அட்டைப்படம் மட்டும் தெரியும். படக்கதை வேண்டுமென்பவர்கள் பழைய சிடியையோ விலையேறிய இசைத்தட்டையோ தேட வேண்டும்.

1998இன் ‘அக்வெமினை’ பெயரிலேயே இருவரையும் கட்டிப்போட்டது: பிக் பாய் கும்ப ராசி, ஆந்த்ரே மிதுன ராசி, இரண்டு ராசிப் பெயர்களையும் பாதி பாதி வெட்டி ஒட்டினார்கள். என் கணக்கில் இந்தக் குழுவின் சிகரம் இதுதான். மூன்றாண்டுக்கு முன் ஊளைச் சத்தம் எழுந்த விழாவை நடத்திய அதே ‘தி சோர்ஸ்’ பத்திரிகை இதற்கு ஐந்துக்கு ஐந்து மதிப்பெண் போட்டது. ‘ரோசா பார்க்ஸ்’ பாட்டின் நடுவில் கைதட்டலும் ஹார்மோனிக்காவுமாகக் கிராமத்துத் திருவிழா ஒன்று புகுந்துவிட்டுப் போகும்; ஹார்மோனிக்கா வாசித்தவர் ஆந்த்ரேயின் மாற்றாந்தந்தை, ஒரு போதகர். பேருந்தில் இருக்கையை விட்டுக்கொடுக்க மறுத்து வரலாறான ரோசா பார்க்ஸ் அம்மையார், தம் பெயரைத் தலைப்பாக்கியதற்கு 1999இல் வழக்குத் தொடுத்தார். 2005இல் சமரசமாக முடிந்தது. ‘ஸ்பாட்டீஓட்டீடோபலிஷஸ்’ ஏழு நிமிடம் ஓடும். அதில் ராப் இல்லை. இருவரும் பேச்சுநடையில் கதை சொல்கிறார்கள். ஒரு ஊதுகருவி வரிசை திரும்பத் திரும்ப வந்து போகிறது. எண்பது நிமிடம் வரை கொள்ளும் சிடிக்காக வடிவமைத்த ஆல்பங்கள் இவை. இடையிடையே சின்ன நாடகத் துணுக்குகள், வழிப்போக்கான பேச்சுகள். இன்று பாட்டு இரண்டரை நிமிடத்தில் முடிகிறது. செயலியில் துணுக்கு வந்தால் விரல் தாண்டிப் போய்விடுகிறது. அந்தத் துணுக்குகளில் பாதி அசட்டுத்தனமானவை என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். ஆனால் ஏழு நிமிடப் பாட்டுக்கு முன் மூச்சு வாங்க அவை இடம் கொடுத்தன.

பாடகர் பாபி பிரவுனிடம் இருந்த பாஸ்டவுன் ஸ்டூடியோவை இருவரும் வாங்கி ஸ்டாங்கோனியா என்று பெயரிட்டார்கள். நான்காவது ஆல்பத்துக்கும் அதே பெயர். 2000ஆம் ஆண்டு அக்டோபர் 31இல் வெளியான அதில் ‘பி.ஓ.பி.’ என்ற பாட்டு நிமிடத்துக்கு 155 தட்டு வேகத்தில் ஓடுகிறது. பாக்தாத் மேல் குண்டு என்பது அதன் தலைப்பின் விரிவு. ஈராக் மீதான படையெடுப்புக்கு இரண்டரை ஆண்டு முந்தைய பாட்டு இது என்பதைப் பலர் நம்புவதில்லை. அதன் இறுதியில் முழங்குவது அட்லாண்டாவின் மோரிஸ் பிரவுன் கல்லூரியின் தேவாலயப் பாடற்குழு. 1881இல் கறுப்பின மக்கள் தங்கள் பிள்ளைகளுக்காகத் தாங்களே நிறுவிய கல்லூரி அது. பாட்டு வந்த காலத்தில் அங்கே ஆயிரக்கணக்கில் மாணவர்கள். இரண்டே ஆண்டில், பண நிர்வாகக் குளறுபடியால், கல்லூரி அங்கீகாரத்தை இழந்தது. மாணவர் எண்ணிக்கை சில பத்துகளுக்குச் சுருங்கியது, கட்டடங்கள் பாழடைந்தன. 2006இல் அவுட்காஸ்ட் ‘மோரிஸ் பிரவுன்’ என்றே பெயரிட்டு, கல்லூரி அணிவகுப்பு வாத்தியத்தின் முழக்கத்தில் ஒரு பாட்டுப் போட்டபோது அந்தக் கல்லூரி பெயரளவுக்குத்தான் இயங்கிக்கொண்டிருந்தது. 2022இல் அங்கீகாரம் திரும்பக் கிடைத்தது. பாடற்குழுவின் அந்த முழக்கம் மட்டும் இடைப்பட்ட இருபது ஆண்டும் குறையாமல் ஒலித்துக்கொண்டிருந்தது.

‘ஸ்டாங்கோனியா’வின் ‘மிஸ். ஜாக்சன்’ அமெரிக்கப் பொதுப் பாட்டுப் பட்டியலில் அவர்களுக்கு முதல் நம்பர் ஒன். அந்த ஆல்பத்துக்கு அடுத்தது 2003 செப்டம்பரின் இரட்டை ஆல்பம்: பிக் பாய்க்கு ஒரு தட்டு, ‘ஸ்பீக்கர்பாக்ஸ்’, ஆந்த்ரேக்கு ஒரு தட்டு, ‘தி லவ் பிலோ’. ஒரே உறையில் இரண்டு தனிக்குடித்தனம். ஆந்த்ரே ராப்பைப் பெரும்பாலும் விட்டுவிட்டுப் பாடினார், கிட்டார் வாசித்தார். ‘ஹே யா!’ ஒன்பது வாரம் முதலிடத்தில் இருந்தது. அதைக் கீழே இறக்கியது அதே குழுவின் ‘தி வே யூ மூவ்’. முதல் பாட்டில் பிக் பாய் இல்லை, இரண்டாவதில் ஆந்த்ரே இல்லை. இருவர் குரலும் கலக்கும் பாட்டுகளை விரல்விட்டு எண்ணலாம். 2004இல் ஆண்டின் சிறந்த ஆல்பத்துக்கான கிராமி கிடைத்தது. ராப் குழு ஒன்றுக்குக் கிடைக்கக்கூடிய மிகப் பெரிய மரியாதை, அந்தக் குழு குழுவாக இல்லாத பதிவுக்கு வந்து சேர்ந்தது.

விற்பனைக் கணக்கையும் பார்க்கலாம். 2004 டிசம்பரில் இந்த ஆல்பத்துக்கு டயமண்ட் சான்று கிடைத்தது. ஒரு கோடி என்பது அதன் அளவு. நூறு நிமிடத்துக்கு மேல் ஓடும் இரட்டைத் தட்டை இரண்டாக எண்ணுவது அமெரிக்க ஒலிப்பதிவுச் சங்கத்தின் விதி, ஆக ஒரு கோடிக்கு ஐம்பது லட்சம் பெட்டிகள் போதும். எப்படியும் அத்தனை பேர் கடைக்கு நடந்து போய்க் காசு கொடுத்தார்கள். 2016 முதல் இணையத்தில் 1,500 முறை பாட்டு ஓடினால் ஓர் ஆல்பம் விற்றதாகச் சங்கம் எண்ணுகிறது. 2023இல் இதே ஆல்பம் 13 மடங்கு பிளாட்டினம் ஆனது. வாங்கி வைத்துவிட்டுக் கேட்காதவனை அன்றைய கணக்கு எண்ணியது. இன்றைய கணக்கு, வாங்காமலே தினம் கேட்பவனை எண்ணுகிறது. இரண்டில் இன்றையது நியாயமானது என்றே படுகிறது. பாட்டு எழுதியவன் பைக்கு என்ன போகிறது என்பது வேறு வழக்கு.

2006இன் ‘ஐடில்வைல்டு’ ஒரு திரைப்படத்தோடு வந்து, படத்தோடு போனது. முதல் வாரத்தில் இரண்டு லட்சத்துக்குச் சற்றுக் குறைவாக விற்றது. ‘ஸ்டாங்கோனியா’வின் முதல் வாரக் கணக்கு ஐந்து லட்சத்துக்கு மேல். அதற்குப் பிறகு அவுட்காஸ்ட் என்ற பெயரில் புதிய ஸ்டூடியோ ஆல்பம் இல்லை. பன்னிரண்டு ஆண்டில் ஆறு. அடுத்த இரு பத்தாண்டில் ஒன்றுமில்லை. 2014இல் முதல் ஆல்பத்தின் இருபதாம் ஆண்டுக்காக நாற்பதுக்கும் மேற்பட்ட விழா மேடைகளில் சேர்ந்து நின்றார்கள். பழைய பாட்டுகளைத்தான் பாடினார்கள்.

சேர்ந்து பதிவு செய்யவே இல்லை என்று சொல்ல முடியாது. 2007இல் டெக்சஸின் யூஜிகே குழுவுடைய ‘இன்டர்நேஷனல் பிளேயர்ஸ் ஆன்தம்’ பாட்டில் இருவரும் உண்டு. முதல் சரணம் ஆந்த்ரே, டிரம் இல்லாமல். கடைசிச் சரணம் பிக் பாய். நடுவில் பன் பி, பிம்ப் சி என்ற இருவர். முன்பு ஒருவர் நிறுத்திய வரியை மற்றவர் எடுத்து முடித்த ஆந்த்ரேயும் பிக் பாயும் இப்போது பாட்டின் இரு முனைகளில்! 2010இல் பிக் பாய் வேறு நிறுவனத்தில் தம் தனி ஆல்பத்தை வெளியிட்டபோது ஆந்த்ரேயின் குரல் இருந்த பாட்டுகள் விடுபட்டன. கிராமிப் பரிந்துரை பெற்ற ‘ராயல் ஃபிளஷ்’ஷும் அதில் அடக்கம். அவுட்காஸ்டின் ஒப்பந்தம் அப்போது ஜைவ் நிறுவனத்திடம் இருந்தது, அவர்கள் சம்மதிக்கவில்லை. 1993இல் இரு பையன்களையும் ஒரே பதிவில் வர வைத்ததும் ஒப்பந்தம்தான். முப்பத்தைந்து வயதில் இருவரையும் ஒரே தட்டில் வர விடாததும் ஒப்பந்தம்தான்.

பாட்டுகள் நடந்த நகரமும் அதே நகரமாக இல்லை. 1990 கணக்கெடுப்பில் அட்லாண்டா மாநகரில் நான்கு லட்சத்துக்குச் சற்றுக் குறைவான மக்கள், அவர்களில் மூன்றில் இரண்டு பங்கு கறுப்பினத்தவர். 2020இல் ஐந்து லட்சத்தைத் தொட்டது. கறுப்பினத்தவர் பாதிக்கும் குறைவு. ஒலிம்பிக்குக்கு முன்னே தொடங்கி அரசுக் குடியிருப்புகளை ஒவ்வொன்றாக இடித்தார்கள். அந்த நகரத்தின் பேச்சையும் தெருப்பெயர்களையும் தேடுகிறவர்களுக்கு இந்த ஆல்பங்கள் ஒருவகை ஆவணம். 2025இல் ராக் அண்ட் ரோல் ஹால் ஆஃப் ஃபேமில் அவுட்காஸ்டைச் சேர்த்தார்கள். ரிக்கோ வேட் அதைப் பார்க்க இல்லை. 2024 ஏப்ரல் 12இல் ஃபியூச்சரின் புதிய ஆல்பம் வந்தது. மறுநாள் வேட் காலமான செய்தி வந்தது. வயது 52.

ஆந்த்ரே 2023 நவம்பரில் ஓர் ஆல்பம் வெளியிட்டார். ‘நியூ ப்ளூ சன்’ என்ற அதில் 87 நிமிடமும் முன்னால் நிற்பவை புல்லாங்குழல் வகைகள்தாம். ஒரு சொல் கிடையாது. பன்னிரண்டு நிமிடம் இருபது விநாடி ஓடும் அதன் முதல் உருப்படி அமெரிக்கப் பாட்டுப் பட்டியலில் நுழைந்தவற்றிலேயே நீளமானது. 48 வயதில் எதைப் பற்றி ராப் செய்வது, குடல் பரிசோதனைக்குப் போவதையா, கண் பார்வை மங்குவதையா என்று அப்போது ஒரு பேட்டியில் கேட்டார். தெற்குக்கும் சொல்ல ஏதோ இருக்கிறது என்று மேடையில் நின்றவர் கேட்ட கேள்வி இது. குழலிசை மோசமில்லை, பொறுமையோடு கேட்டால் பல இடங்களில் பிடித்து நிறுத்துகிறது. கேள்விதான் எனக்கு ஒப்பவில்லை.

அந்தக் கேள்விக்குப் பதில் அதே ஆண்டிலேயே, அவர் கூட்டத்துக்குள்ளேயே இருந்தது. ராப் பாடகர் கில்லர் மைக்கும் 1975இல் பிறந்த அட்லாண்டாக்காரர். அவர் குரல் முதன்முதலில் பதிவானது ‘ஸ்டாங்கோனியா’வில். 48 வயதில் அவர் வெளியிட்ட ‘மைக்கேல்’, இறந்துபோன தாயையும் பாட்டியையும் தன் வாலிபத்தையும் பற்றிய ஆல்பம். 2024இல் சிறந்த ராப் ஆல்பத்துக்கான கிராமியை வாங்கியது. அதிலுள்ள ‘சயின்டிஸ்ட்ஸ் அண்ட் இன்ஜினியர்ஸ்’ பாட்டுக்கு மேலும் இரண்டு. அந்தப் பாட்டில் ஃபியூச்சர் இருக்கிறார். ஒரு முழுச் சரணம் ஆந்த்ரேயுடையது, அவர் எழுதியது, அவர் குரலில், ராப்பாகவே. பிக் பாயைத்தான் அதில் காணோம்.